கரண்டிக்காரர் குழம்பு வைக்கிறார்

சேலத்தில் ஆரம்பித்து நாமக்கல் வழியாகக் காவிரிக்கரை வரைக்கும், எங்கள் பக்கத்தில் கோழிகளில் எத்தனை வகை உண்டோ, கோழிக்குழம்பு வைக்கிறவர்களிலும் அத்தனை வகை உண்டு. அதில் ஒரே ஒரு வகையைத்தான் இன்று பிடித்து உங்கள் முன்னால் நிறுத்தப் போகிறேன். பெயர், கரண்டிக்காரர். ஆண்பால்தானா என்று கேட்காதீர்கள். நான் பார்த்த வரைக்கும் மீசை இருக்கிறது.

ஓட்டல் மாஸ்டரையும் கல்யாணச் சமையல்காரரையும் இதில் சேர்த்துவிட வேண்டாம். அவர்களுக்கு வேலை தெரியும். கரண்டிக்காரர் வீட்டில் வளர்கிற பிராணி. திங்கள் முதல் சனி வரை அடுப்படியில் அவருடைய காலடி கூட விழாது. தண்ணீர் வேண்டுமென்றால் அவர் வரமாட்டார், குரல் மட்டும் வரும். கேஸ் தீர்ந்துபோன நாளில் அவரைத் தேடினால் கிடைக்கமாட்டார். ரசம் வைக்கிற நாளில், நேற்றைய இட்லியை உதிர்த்துத் தாளிக்கிற நாளில், காய்ச்சலோடு ஒருத்தி கஞ்சி காய்ச்சுகிற நாளில், அப்படி ஒரு அறை தம் வீட்டில் இருப்பதே அவருக்குத் தெரியாது. ஞாயிற்றுக்கிழமை வரட்டும். மஞ்சள் தேய்த்த கோழியின் வாசம் லேசாக எழும்பட்டும். பேப்பர் மடிந்துவிடும், லுங்கி ஏறிவிடும், தோளில் துண்டு விழுந்துவிடும். ‘இன்னைக்குக் கறி நான் பாத்துக்கறேன்’ என்ற அறிவிப்பு தெரு முழுக்கக் கேட்கும்.

அவர் உள்ளே நுழைவதற்கு முன்னால் அங்கே என்ன நடந்திருக்கிறது என்று கொஞ்சம் எட்டிப் பாருங்கள். கோழியை வாட்டி, மஞ்சள் தேய்த்து, கழுவி, துண்டு போட்டு, ஈரலைத் தனியாக எடுத்து வைத்து, ஒரு முறம் சின்ன வெங்காயத்தைக் கண்ணும் மூக்கும் சேர்ந்து ஒழுக ஒழுக உரித்து, பூண்டை நசுக்கி, இஞ்சியைச் சுரண்டி, தேங்காயைத் துருவி, மல்லியையும் வரமிளகாயையும் மிளகையும் சீரகத்தையும் கசகசாவையும் ஒன்று கருகாமல் ஒன்று பச்சையாக நிற்காமல் தனித்தனியாக வறுத்து (எங்கள் ஊரில் இந்தச் சாமான்களுக்கெல்லாம் மொத்தமாகச் ‘செலவு’ என்று பெயர்), அந்தச் செலவை அரைத்து, வெங்காயம் வதங்கி, கறி வதங்கி, கரைத்து ஊற்றியது கொதித்து, எண்ணெய் பிரிந்து மேலே மிதந்து வருகிற வரைக்கும் ஒரு கை வேலை செய்திருக்கிறது. அது அவருடைய கை அல்ல.

இப்போது கரண்டிக்காரர் நுழைகிறார்.

முதல் காரியம், அந்தக் கையை வெளியேற்றுவது. ‘தள்ளு, தள்ளு, நீ நின்னா பக்குவம் வராது’ என்பார். கரண்டியை வாங்குவார். இடப்புறமாக ஒரு சுற்று, வலப்புறமாக ஒரு சுற்று. குழம்பை மொண்டு உயரத் தூக்கி ஊற்றி, அது விழுகிற அழகை ஒரு இன்ஜினியர் அணைக்கட்டைப் பார்ப்பதுபோலப் பார்ப்பார். உள்ளங்கையில் ஒரு சொட்டு விட்டு நக்குவார். கண் மூடும். வீடு மூச்சைப் பிடித்துக்கொள்ளும். பிறகு தீர்ப்பு வரும், “உப்பு ஒரு கல்லு பத்தாது.”

அந்த வீட்டு அம்மாள் உப்புச் சாடிக்குள் கையை விடுவாள், எதையும் எடுக்காமல் வெளியே எடுப்பாள், சட்டிக்கு மேலே விரல்களை உதறிக் காட்டுவாள். அவர் மறுபடி நக்குவார்.

“ஆ. இப்ப வந்துருச்சு பாரு.”

வந்துவிடும். எப்படி வராமல் போகும்? பிறகு ஒரு இணுக்குக் கறிவேப்பிலையை உருவி ஓர் அடி உயரத்திலிருந்து தூவுவார். போனை எடுப்பார். சட்டி ஒரு படம், கரண்டி பிடித்த கை ஒரு படம். ‘இன்று நம்ம கைவண்ணம்’ என்று ஸ்டேட்டஸ் ஏறும். இலை போடுவதற்குள் பெங்களூரில் இருக்கிற மச்சினனிலிருந்து பழைய ஆபீஸ் நண்பர் வரைக்கும் நாக்கைத் தொங்கவிட்ட பொம்மைகளை அனுப்பிவிடுவார்கள். சாப்பிட்டு முடித்ததும் அவர் சாய்வு நாற்காலியில் விழுந்து, இடுப்பில் கை வைத்து, ‘அப்பப்பா, கறி வெக்கறதுன்னா சும்மாவா’ என்று பெருமூச்சு விடுவார். பின்கட்டில் சட்டி தேய்க்கிற சத்தம் அவருக்குத் தாலாட்டு.

கொள்கை இல்லாத கரண்டிக்காரரை நீங்கள் காண முடியாது. குக்கரில் வைத்தது குழம்பே அல்ல, மண்சட்டிதான். மிக்சியில் அரைத்தால் ருசி செத்துப்போகும், அம்மிதான். அம்மியில் அரைப்பது யார் என்பது கொள்கையில் வராது. பிராய்லர் கோழியை மனுசன் தின்பானா? நாமக்கல்லில் உட்கார்ந்துகொண்டு இதைக் கேட்பதற்குத் தனித் துணிச்சல் வேண்டும், ஆனால் கேட்பார். கோழிப்பண்ணைச் சுமையை ஊர் ஊராக அனுப்பி வயிறு வளர்க்கிறவரே கேட்பார். இத்தனையும் கேட்டு முடித்துவிட்டு, ருசி என்பது பொருளில் இல்லை, கையில் இருக்கிறது என்று தம்முடைய வலது கையை எல்லோருக்கும் காட்டுவார்.

நம்பாதவர்களுக்காக ஒருவரைக் கையோடு கூட்டி வந்திருக்கிறேன். தீனதயாளன். பரமத்தி வேலூரில் வீடு, நாமக்கல்லில் லாரி புக்கிங் ஆபீஸ். அவர் வைக்கிற கோழிக்குழம்பின் வாசத்துக்குக் காவிரிக்கு அக்கரையில் கரூர்க்காரர்கள் வெறும் சோற்றைப் பிசைந்து தின்பார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. அந்தப் பேச்சைக் கிளப்பியவர் தீனதயாளன். மனைவி பெயர் சௌந்திரம். மேலே எட்டிப் பார்க்கச் சொன்னேனே, அந்தக் கை இவளுடையதுதான். கல்யாணமான நாளிலிருந்து ஒவ்வொரு கறி நாளும் அவள் குழம்பு வைக்கிறாள், அவர் பேர் வாங்குகிறார். அவளும் அதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதில்லை. ஆபீஸுக்குப் போய்விடுகிற மனுசன், வாரத்தில் ஒருநாள் கரண்டி பிடித்துச் சந்தோசப்பட்டால் என்ன குடிமுழுகிவிடும் என்று விட்டுவிட்டாள்.

குடி அவளுடையதாக இருந்த வரைக்கும் முழுகவில்லை. மகள் பிரவீனாவைக் கட்டிக்கொடுத்த பிறகுதான் தண்ணீர் உள்ளே வந்தது.

மாப்பிள்ளை வளவன், மோகனூர்ப் பையன். அவனுடைய அப்பா மருதாசலம், அம்மா அமுதவல்லி. புது மாப்பிள்ளை குடும்பத்தைப் பெண் வீட்டில் கூப்பிட்டு, கோழி அடித்து, இலை போட்டு விருந்து வைத்தால்தான் எங்கள் பக்கத்தில் சம்பந்தம் நிலைத்து உட்காரும். விருந்துக்குக் கூப்பிடப் புருசனும் பெண்சாதியுமாக மோகனூர் போனார்கள். காபி வந்தது. தீனதயாளன் ஒரு வாய் குடித்துவிட்டு ஆரம்பித்தார்.

“எங்கூட்டுல கறி நாள்னா நாந்தானுங்க. இவளை அடுப்படிக்குள்ளயே உடறதில்லை. வெங்காயம் உரிக்கச் சொன்னாக்கூடத் தோலோட பாதி வெங்காயத்தையும் சேத்து வீசிருவா.”

மருதாசலம் தொடையைத் தட்டிச் சிரித்தார். அமுதவல்லி சிரிக்கவில்லை. சௌந்திரத்தைத் திரும்பிப் பார்த்தாள். அந்தப் பார்வையில் கேலி இருந்திருந்தால் சௌந்திரம் தாங்கியிருப்பாள். இருந்தது பரிதாபம்.

அடுத்த வாரம் பிரவீனா போன் செய்தாள்.

“அம்மா, ரசம் வெக்கலாம்னு போனேன். அத்தை கரண்டிய வாங்கிக்கிட்டாங்க. ‘உங்கம்மாளுக்கே வராதாமா, உன்னையச் சொல்லி என்ன பண்றது சாமி, போய்க் காத்தாட உக்காரு’ன்னாங்க. கோவமாச் சொல்லலம்மா. பாசமாத்தான் சொன்னாங்க. அதுதான் ஒரு மாதிரியா இருக்குது.”

சௌந்திரம் போனை வைத்துவிட்டு அடுப்பை அணைத்தாள். தன் பேர் போனது போகட்டும். பெண்ணின் பேர்? போன வீட்டில் மகள் கரண்டியைத் தொடும் முன்பே, அவளுக்கு ஒன்றும் வராது என்று எழுதியாகிவிட்டது. எழுதியவர் அவளைப் பெற்ற அப்பன். விருந்து முடிவதற்குள் அந்தக் குழம்பு யாருடைய கையில் பிறக்கிறது என்று அமுதவல்லிக்குத் தெரிந்தாக வேண்டும். ஆனால் சம்பந்தி முன்னால் பெண்ணைக் கொடுத்தவள் எழுந்து நின்று ‘நான்தானுங்க வைக்கிறேன்’ என்று பெருமை பேச முடியுமா? முடியாது. சொன்ன வாயேதான் மாற்றிச் சொல்ல வேண்டும்.

கரண்டிக்காரர்களின் வாய் அப்படி மாறியதாக இந்த ஜில்லாவில் இதுவரை தகவல் இல்லை.

விருந்து நாளும் வந்தது. வழக்கமாகக் கோழி விஷயம் சௌந்திரத்தின் ஏற்பாடு. பக்கத்துத் தோட்டத்தில் சொல்லிவைத்து, முட்டையிடத் தொடங்காத இளம் விடைக்கோழியாகப் பார்த்து வாங்குவாள். தாமாகப் பக்குவம் பார்த்து எடுத்த கோழி என்று தீனதயாளன் நினைத்துக்கொள்வார். இந்த முறை அவள் வாயைத் திறக்கவில்லை. அவரே சந்தைக்குப் போனார். பல்லுக்கு வேலை வைத்தால்தான் நாட்டுக்கோழி என்று யாரோ சொல்ல, இருந்ததிலேயே பெரிதாக ஒரு சேவலைத் தூக்கி வந்தார். அது சேவல் அல்ல, ஒரு சரித்திரம். ஊர் ஊராகச் சேவல்கட்டுக்குப் போய், ஒரு கண்ணையும் பாதிக் கொண்டையையும் களத்தில் விட்டுவிட்டு, ஓய்வூதியம் வாங்குகிற வயதில் காலாற உலாவிக்கொண்டிருந்த சண்டைச் சேவல். அதைக் கண்டால் தெருநாய்கள் எழுந்து வழிவிடும் என்று பேசிக்கொண்டார்கள். அதற்கு நான் பொறுப்பல்ல. பூனைகள் வழிவிட்டதைத்தான் என் கண்ணால் பார்த்தேன்.

காலையில் சௌந்திரம் குளித்தாள். பட்டுப்புடவை கட்டினாள். மல்லிகை வைத்தாள். பதினோரு மணிக்கு மோகனூர்க் கார் வந்து நின்றது. எல்லோருக்கும் மோர் கொடுத்துவிட்டு, முன்கூடத்தில் மின்விசிறிக்கு நேர்கீழே அமுதவல்லியின் பக்கத்தில் போய் உட்கார்ந்துகொண்டாள்.

தீனதயாளன் தம் வழக்கமான நேரத்தில், லுங்கியை ஏற்றிக் கட்டி, துண்டைத் தோளில் போட்டு, நாலு பேர் பார்க்க அடுப்படிக்குள் நுழைந்தார். எண்ணெய் மிதந்து வருகிற சட்டிக்கு நேரே கையை நீட்டினார்.

சட்டி காலியாக இருந்தது. அவர் வாழ்க்கையில் பார்த்த முதல் காலிச் சட்டி அதுதான். பக்கத்தில் ஒரு குண்டாவில், கடைக்காரர் வெட்டிக் கொடுத்த சேவல், துண்டு துண்டாகக் கிடந்தும் முறைத்துக்கொண்டிருந்தது. முறத்தில் வெங்காயம், தோலோடு. தேங்காய், ஓட்டோடு. கரண்டி மட்டும் பளபளவென்று தேய்த்து வைக்கப்பட்டிருந்தது.

வெளியே வந்தார். “என்ன அம்மிணி, இன்னும் ஒண்ணையுங் காணமே” என்றார், குரலைத் தாழ்த்தி.

அவள் தாழ்த்தவில்லை. “நான் எப்படீங்க வருவேன். கறி நாள்ல என்னைய உள்ள உடமாட்டீங்களே. சம்பந்தி ஊட்டுல சொல்லிப்போட்டு இங்க மாத்தி நடந்தா உங்க பேச்சுக்கு என்னங்க மரியாதை.”

மருதாசலம் பலமாகத் தலையாட்டினார். ஆம்பளை பேச்சென்றால் அப்படித்தான் நிற்க வேண்டும் என்றார். தீனதயாளனுக்கு அதற்குமேல் நிற்க இடமில்லை. உள்ளே போனார்.

அந்த இரண்டு மணி நேரத்தை நான் முழுக்கச் சொன்னால் உங்களுக்குப் பசி போய்விடும். தம் சொந்த வீட்டு அடுப்படியில் அவர் வெளியூர்க்காரராக நின்றார். டப்பாக்களை ஒவ்வொன்றாகத் திறந்து மோந்து பார்த்தார். சீரகம் எங்கே என்று உள்ளிருந்து குரல் வந்தது. மேல் தட்டில் என்று முன்கூடத்திலிருந்து பதில் போனது. மேல் தட்டில் ஒன்றுபோல இரண்டு டப்பாக்கள். எது சீரகம், எது சோம்பு? கேட்கலாம். கேட்டால் அமுதவல்லியின் காதில் விழும். பெரிய டப்பாதான் சீரகமாக இருக்கும் என்று முடிவுகட்டி, ஒரு பிடி சோம்பை அள்ளிப் போட்டார். வெங்காயத்தில் நாலைந்தை உரித்தார், கண் எரிந்தது. மீதியைத் தோலோடு அறுத்துப் போட்டு, பழைய காலத்து முறை அதுதான் என்று தமக்குத்தாமே சொல்லிக்கொண்டார். மல்லியையும் மிளகாயையும் மொத்தமாகக் கொட்டி வறுத்தார். மிளகாய் கருகி எழுந்த நெடியில் முன்கூடம் தும்மியது, பக்கத்து வீடு தும்மியது, பஸ் நிலையத்தில் நாமக்கல் வண்டிக்கு நின்றவர்கள் தும்மினார்கள்.

குக்கரை அவர்தான் கொள்கைப்படி பரணில் ஏற்றியிருந்தார். எனவே விறகடுப்பில் மண்சட்டி. சட்டி கொதித்தது. வெங்காயம் கரைந்தது. விறகு தீர்ந்தது, மறுபடி வந்தது. சட்டி கூடக் கொஞ்சம் இளகியிருக்கும். சேவல் இளகவில்லை. ஒவ்வொரு கொதிக்கும் ஒரு கால் மேலே வந்து நின்று, அடுத்து யார் என்று கேட்டது.

ஒரு மணி தாண்டியதும் மருதாசலம் எழுந்தார். “நானும் வந்து ஒரு கை பாக்கறனுங்க சம்பந்தி. எங்கூட்டுலயும் நான் வெச்சாத்தான் கறி” என்று துண்டை உதறிக்கொண்டு உள்ளே போனார்.

ஒரு அடுப்படியில் இரண்டு கரண்டிக்காரர்களைப் பார்த்திருக்கிறீர்களா? கொடுத்து வைத்தவர்களுக்குத்தான் கிடைக்கும். உப்பை முதலிலேயே போட்டால்தான் கறியில் இறங்கும் என்றார் இவர். கடைசியில் போட்டால்தான் கறி வேகும் என்றார் அவர். முதலிலேயே தீனதயாளன் போட்டிருந்தார். சம்பந்தி மனம் நோகக்கூடாதே என்று அவரையும் போடவிட்டார். தீ பெரிதாக எரிய வேண்டும் என்று ஒருவர் தள்ள, சிறிதாக எரிய வேண்டும் என்று மற்றவர் இழுக்க, விறகு போய்வந்துகொண்டிருந்தது. இருவரும் மாறி மாறி உள்ளங்கையில் விட்டு நக்கினார்கள். இருவரும் கண்ணை மூடினார்கள். திறந்தபோது ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை.

மாப்பிள்ளை வளவன் அடுப்படி வாசலில் போய் நின்று போனை நீட்டி வீடியோ எடுத்தான். ‘ரெண்டு அப்பா, ஒரு குழம்பு’ என்று தலைப்பு வைக்கலாமா என்று பிரவீனாவைக் கேட்டான். அவள் அவனை ஏற இறங்கப் பார்த்தாள்.

“ஏனுங்க, உங்களுக்கும் ஒரு கரண்டி எடுத்துத் தரட்டுங்களா?”

போன் சட்டைப்பைக்குள் போய்விட்டது. இந்தத் தலைமுறைக்குக் காது இருக்கிறது. அதிலாவது ஓர் ஆறுதல்.

மூன்று மணி. மாப்பிள்ளை வீட்டார் மூன்று முறை மோர் குடித்தாகிவிட்டது. அமுதவல்லி மெதுவாக, வயல் வேலையெல்லாம் கிடக்கிறது, இன்னொரு நாளைக்கு வந்து சாப்பிடுகிறோமே என்று ஆரம்பித்தாள். மாப்பிள்ளை வீட்டார் கை நனைக்காமல் எழுந்து போவதா? அதைவிடப் பெண் வீட்டுக்கு ஊரில் வேறு பேச்சு வேண்டாம். சௌந்திரத்துக்கும் அது தெரியும். ஆனாலும் எழவில்லை. புடவைத் தலைப்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

அந்த வார்த்தை உள்ளே கேட்டுவிட்டது. தீனதயாளன் முன்கூடத்து வாசலில் வந்து நின்றார். சட்டை நனைந்திருந்தது. மீசையில் சாம்பல். கையில் கரண்டி.

“சௌந்திரம், ஒரு நிமிசம் இப்படி வா.”

“என்னங்க வேணும், இங்கயே சொல்லுங்க. சம்பந்தியம்மா நம்ம ஊட்டு மனுசிதான.”

அவர் கூரையைப் பார்த்தார், சேவல் கட்டியிருந்த கயிற்றைப் பார்த்தார். பார்க்க இன்னும் ஏதாவது இருக்கிறதா என்று தேடினார். இல்லை.

“வேகமாட்டீங்குது” என்றார்.

“சரீங்க.”

“எனக்கு... வெக்கத் தெரியாது.”

“சத்தமாச் சொல்லுங்க, காத்தாடிச் சத்தத்துல கேக்கலீங்க.”

“எனக்குத் தெரியாது அம்மிணி. எப்பவும் நீதான வெச்ச.”

அமுதவல்லி, சொன்னவரைப் பார்த்தாள். பிறகு சௌந்திரத்தைப் பார்த்தாள். இந்த முறை பார்வையில் பரிதாபம் இல்லை. கொஞ்சம் கொஞ்சமாக ஏதோ புரிந்து, உதட்டோரத்தில் வந்து நின்றது.

சௌந்திரம் எழுந்தாள். பட்டுப்புடவையைத் தூக்கிச் செருகினாள். போகிற போக்கில் அவர் கையிலிருந்த கரண்டியை வாங்கிக்கொண்டு, வெங்காய முறத்தை மறுபடி நிரப்பி எடுத்து வந்து அந்தக் கையில் வைத்தாள்.

“இங்கயே உக்காந்து உரிங்க. வெங்காயம் மிச்சமிருக்கோணும், தோல் மட்டும் போவோணும்.”

“பூண்டு இருக்குதுங்களா சம்பந்தி?” என்று அமுதவல்லி கேட்டாள். “இருந்தா ஒரு தட்டு நெறைய இவருக்குங் குடுங்க. எங்கூட்டுலயும் கறி இவருதானுங்க வெக்கறாரு.”

பிறகு நடந்ததெல்லாம் சட்டென்று நடந்தது. வளவன் பரணில் ஏறிக் குக்கரை இறக்கினான். சட்டியிலிருந்த உப்புத் தண்ணீர் கொல்லைப்பக்கம் போயிற்று. அந்த இடத்தில் இன்றுவரை புல் முளைக்கவில்லை. சேவல் துண்டுகளைக் கழுவி, பப்பாளிக்காய் ஒரு கீற்றும் கொட்டாங்குச்சித் துண்டு ஒன்றும் போட்டு, விசில் மேல் விசிலாக விட்டதில், எந்தக் களத்திலும் தோற்காத அந்தச் சேவல் சமாதானத்துக்கு வந்தது. அதற்குள் சௌந்திரம் செலவைப் புதிதாக வறுத்தாள். பிரவீனா மிக்சியில் அரைத்தாள். வாசம் எழும்பியது. முன்கூடத்தில் கண்ணீர் வழிய உட்கார்ந்திருந்த இரண்டு பெரிய மனிதர்களும் ஒரே நேரத்தில் தலையைத் தூக்கி மோந்தார்கள்.

மாப்பிள்ளை இலையில் முழுக்கால் விழுந்தது. அமுதவல்லி குழம்பை ஊற்றிப் பிசைந்து, ஒரு வாய் வைத்து, மென்று, விழுங்கி, இன்னொரு வாய் வைத்தாள். பிறகு, எல்லோருக்கும் தெரிந்த ஒன்றை வேண்டுமென்றே கேட்டாள்.

“யாரு வெச்சதுங்க?”

தீனதயாளன் தொண்டையைக் கனைத்தார். ஒரு மணி நேரத்துக்கு முன்பு தெரியாது என்று ஒப்புக்கொண்ட அதே வாய். ஆனால் குழம்பு இப்போது நன்றாக அல்லவா வந்துவிட்டது?

“நாங்க ரெண்டு பேருந்தானுங்க.”

பாதி. ஒரு கரண்டிக்காரரால் விட்டுக்கொடுக்க முடிந்த ஆகப்பெரிய பங்கு அதுதான். அதற்குமேல் கேட்டால் உயிருக்கு ஆபத்து.

“ஆமாங்க” என்றாள் சௌந்திரம், மாப்பிள்ளை இலைக்கு ரசம் ஊற்றியபடி. “வெங்காயம் பூராவும் அவரு உரிச்சதுங்க.”

சிவந்து வீங்கிய அவர் கண்களை எல்லோரும் ஒருமுறை மரியாதையோடு பார்த்தார்கள். அமுதவல்லி சிரித்த சிரிப்பில் புரை ஏறியது. தண்ணீர் குடித்து நெஞ்சைத் தடவிக்கொண்டு மருமகளிடம் திரும்பினாள்.

“பிரவீனா, இந்தச் செலவு வறுக்கற பக்குவம் உனக்குத் தெரியுமா சாமி?”

“தெரியுமுங்க அத்தை. அம்மா சொல்லிக் குடுத்துருக்காங்க.”

“அப்ப வர்ற ஞாயித்துக்கிழமை நம்மூட்டுல நீயே வெச்சுரு. நான் காத்தாட உக்காந்துக்கறேன்.”

சௌந்திரம் ரசப் பாத்திரத்தை வைக்க உள்ளே போனாள். திரும்பி வரக் கொஞ்சம் நேரமாயிற்று. வெங்காயக் காரம் என்று சொல்ல முடியாது, அவள்தான் அன்றைக்கு ஒன்றுகூட உரிக்கவில்லையே.

தீனதயாளன் திருந்திவிட்டாரா என்று கேட்கிறீர்களா? நான் புளுகுகிறவள்தான், ஆனால் அவ்வளவு பெரிய புளுகு எனக்கு வராது. சாயங்காலம் ஸ்டேட்டஸில் சட்டிப் படம் ஏறியது. ‘எங்க ஊட்டுக் குழம்பு’ என்று இருந்தது. ‘நம்ம கைவண்ணம்’ போய் ‘எங்க ஊடு’ வந்திருக்கிறது. நிலா வரைக்கும் ராக்கெட் விடுகிற தேசத்தில் இதையும் ஒரு முன்னேற்றம் என்று குறித்துக்கொள்ளலாம்.

இதுவரை சிரித்துக்கொண்டே வந்த ஐயா, உங்களிடம் ஒரு வார்த்தை. கறி வைக்கிற பழக்கமே எனக்கில்லை, நான் இதில் சேர்த்தியில்லை என்று துண்டை உதறிக்கொண்டு எழ வேண்டாம். ஆபீஸில் யாரோ ராப்பகலாகத் தட்டியெழுதிய அறிக்கையில் கடைசிக் கையெழுத்து மட்டும் போட்டுவிட்டு, அடுத்த மேசையில் போய், ‘நான் போட்ட ரிப்போர்ட்டைப் பாத்தீங்களா’ என்று கேட்டீர்களே, அது என்ன? அம்மணி, நீங்களும் அவசரப்பட்டு நிம்மதி அடைய வேண்டாம். மருமகள் வைத்த குழம்பில் ஒரு சிட்டிகை பெருங்காயத்தைப் போட்டுவிட்டு, ‘எங்கூட்டுப் பக்குவம்’ என்று வந்தவர்களுக்குப் பரிமாறினீர்களே, மீசை இல்லை என்பதற்காக விட்டுவிடுவேன் என்று நினைத்தீர்களா?

எதற்கும் ஒரு சோதனை செய்து பாருங்கள். இதை உங்கள் வீட்டில் அடுப்புக்கு முன்னால் நிற்கிறவரிடம் படிக்கக் கொடுங்கள். படித்துவிட்டு அவர் வாய்விட்டுச் சிரித்தால் பயமில்லை, நீங்கள் பிழைத்தீர்கள். சிரிக்காமல், ஒரு வரி விடாமல் படித்து முடித்து, நாலாக மடித்துப் பத்திரமாக எடுத்து வைத்துக்கொண்டால், உங்கள் வீட்டுக் கதையை எனக்கு யார் சொன்னது என்று நீங்கள் ஊரெல்லாம் தேட வேண்டியதில்லை.